ரெண்டு நாளைக்குப் போட்ட கம்பி

1

இந்த ஜனவரியோடு என்னைப் பெற்ற அத்தா மௌத்தாகிக் கண்மூடி ஒரு வருஷம் முடிந்தது. அன்றைக்குப் பார்த்துத்தான் எங்கள் வீட்டில் துணி காயவைக்கிற மெஷின் படுத்துக்கொண்டது. ஒன்றுக்கும் இன்னொன்றுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். இருக்கிறது. அதை எழுதத்தான் உட்கார்ந்தேன்.

தருமபுரியில் என் அத்தாவை இன்னமும் "தடிக்கம்பி பாய்" என்று சொல்லிச் சிரிக்கிறவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பேர் அவருக்குச் சேர வேண்டியதில்லை. சேர வேண்டியவன் பன்னிரண்டு வருஷமாகக் கனடாவில் கம்பளிச் சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். அது நான்தான், பேர் நசீர். தருமபுரி பழைய ஆட்களுக்குச் சின்ன பாய் என்றால்தான் தெரியும்.

மோட்டார் காயில் கட்டுவதுதான் ஊரில் எங்கள் கடைத் தொழில். இங்கேயும் ஒரு தொழிற்சாலையில் அதே வேலைதான் செய்கிறேன். காலையில் பனியைச் சுரண்டிக் காரை வெளியே எடுப்பது, எட்டு மணி நேரம் செம்புக் கம்பி சுற்றுவது, வீட்டுக்கு வந்து மறுபடியும் பனியைச் சுரண்டுவது. வெளிநாட்டு வாழ்க்கை எப்படி என்று கடிதத்தில் கேட்கிறவர்களுக்கு இதற்கு மேல் சொல்ல என்னிடம் ஒன்றுமில்லை. மனைவி ஜமீலா பாலக்கோட்டுக்காரி. மகள் ஷாஹிதாவுக்கு ஒன்பது வயது. நான் தமிழில் கேட்டால் இங்கிலீஷில் பதில் சொல்லுவாள், அதுவும் என் முகத்தைப் பார்க்காமல். கைப்பிள்ளைக்கு ஏழு மாசம்.

2

ஊரில் இதைப் படிக்கிறவர்களுக்கு அந்த மெஷினைச் சொல்லிவிடுகிறேன். இங்கே வருஷத்தில் ஐந்து மாசம் வெளியே கொடி கட்டினால் சட்டை பலகை மாதிரி விறைத்துவிடும். அதனால் வீட்டுக்கு வீடு கீழறையில் ஒரு இரும்புப் பெட்டி. உள்ளே ஓட்டை போட்ட பீப்பாய் ஒன்று சுற்றும். பின்னால் ஒரு ஹீட்டரும் விசிறியும் உண்டு. சூடான காற்று துணிக்குள் புகுந்து, ஈரத்தை எடுத்துக்கொண்டு, ஒரு தகரக் குழாய் வழியாகச் சுவரைத் தாண்டி வெளியே போய்விடும். அவ்வளவுதான் சூட்சுமம்.

ஒரு வாரமாகவே ஜமீலா சொல்லிக்கொண்டிருந்தாள். "துணி ஒழுங்கா காயலங்க. ரெண்டு ரெண்டு தடவ ஓட்ட வேண்டியிருக்குது."

"ரெண்டு தடவ ஓட்டேன், அதுக்கென்ன இப்போ?" என்றேன் நான். ஊரான் மோட்டாரையெல்லாம் தடவிக் கொடுக்கிறவன் சொந்த வீட்டு மெஷின் பக்கம் தலைவைத்துப் படுப்பதில்லை.

அத்தாவின் வருஷ நினைவுக்குப் பாத்தியா ஓதுகிற அந்தச் சனிக்கிழமை காலையில் பீப்பாய் சுற்றியது, சூடு மட்டும் வரவில்லை. கம்பெனிக்குப் போன் போட்டேன். மாடல் நம்பர் கேட்டாள் ஒரு பெண். சொன்னேன். சீரியல் நம்பர் கேட்டாள். குப்புறப் படுத்துப் பார்த்துச் சொன்னேன். பேரை எழுத்து எழுத்தாகச் சொல்லச் சொன்னாள். மூன்று தடவை சொன்னேன். மூன்றாவது தடவை அவள் திருப்பிப் படித்தபோது அது யாரோ ஒருவருடைய பேராக இருந்தது. போகட்டும் என்று ஆமாம் சொன்னேன். ஆள் வியாழக்கிழமைதான் வருமாம். உதிரிபாகக் கடையோ திங்கட்கிழமைதான் திறப்பானாம்.

"வியாழக்கெழமையா? நல்லா இருக்குதே!" என்றாள் ஜமீலா. "புள்ள துணி முப்பது ஈரமா கெடக்குது. படிக்கட்டு பூரா தொங்க வுட்டிருக்கறேன். நாலு பேரு சாப்பிட வராங்க. மாமாவுக்குப் பாத்தியா ஓதற எடத்துல மூத்திரத் துணியா தொங்கும்?"

நியாயமான கேள்வி. ப்ளக்கைப் பிடுங்கிவிட்டு மெஷினை இழுத்துப்போட்டு முதுகுத் தகட்டைக் கழற்றினேன். சூட்டுக் குழாயோடு ஒட்டின மாதிரி ரெண்டு திருகில் ஒரு வெள்ளைப் பொருள் உட்கார்ந்திருந்தது. கட்டைவிரல் நகத்தைவிடச் சற்றுப் பெரிசு. ரெண்டு பக்கமும் காது மாதிரி தகடு, காதுக்கு ஒரு வயர். இதுதான் இந்த மெஷினின் பியூஸ்.

மீட்டர் தொழிற்சாலையில் இருந்தது. வீட்டில் இருந்ததோ ரெண்டு டார்ச் செல், ஒரு சின்ன பல்பு, ஒரு முழம் வயர். அது போதும், தருமபுரிக் கடையிலும் நாங்கள் அப்படித்தான் சோதிப்போம். முதலில் வயரின் ரெண்டு முனையையும் ஒன்றோடொன்று தொட்டுப் பார்த்தேன், பல்பு எரிந்தது. பிறகு பியூஸின் காதிலிருந்து மெஷின் வயர்களை உருவினேன். உருவாமல் சோதித்தால் கரண்ட் வேறு வழியாகச் சுற்றி வந்து நம்மை ஏமாற்றிவிடும். காதுக்கு ஒரு முனையாகத் தொட்டேன். பல்பு எரியவில்லை. ஹீட்டர் சுருளில் தொட்டேன், மங்கலாக எரிந்தது. திரும்பவும் பியூஸில் தொட்டேன். இல்லை. ஆள் காலி.

நம்மூர் பியூஸ் போனால் பார்த்தாலே தெரியும். கம்பி உருகி, பீங்கான் கட்டையில் கறுப்பு அப்பியிருக்கும். புதுக் கம்பி போட்டால் அது மறுபடி பிழைத்துக்கொள்ளும். இது அந்த ஜாதி இல்லை. கரண்ட் அதிகமானால் போகாது, சூடு எல்லை மீறினால்தான் போகும். மூடின உடம்பு என்பதால் உள்ளே என்ன நடந்தது என்று கண்ணுக்குத் தெரியாது, உயிர் கொடுக்கவும் முடியாது. வீடு எரியாமல் இருக்கத் தான் எரிந்துகொள்வது ஒன்றுதான் அதற்கு வேலை.

இதெல்லாம் தெரிந்தவன்தான் நான். தெரிந்தே செய்தேன்.

3

என்ன செய்தேன் என்றால், அந்த ரெண்டு வயரையும் ஒரு துண்டுக் கம்பியால் நேராக இணைத்து டேப் சுற்றினேன். யோசித்துச் செய்ததில்லை, கை தானாகச் செய்தது. ப்ளக்கைச் செருகினேன். பீப்பாய் சுற்றியது, சூடு வந்தது.

"அப்பாடா!" என்று ஜமீலா ஈரத்துணியைக் கட்டுக் கட்டாக உள்ளே போட்டாள். கதவைச் சாத்திவிட்டு, "இதனால ஒண்ணும் ஆவாதே?" என்று கேட்டாள்.

"ரெண்டு நாளைக்கு மட்டும்," என்றேன். "திங்கக்கெழம நானே வாங்கியாந்து மாத்திடறேன்."

மாடிக்கு வந்து கை கழுவிக்கொண்டிருக்கும்போதுதான் நான் சொன்னது என் காதில் விழுந்தது. இதே வார்த்தையை, இதே சர்வ சாதாரணமான குரலில், முன்பு ஒரு தடவை சொல்லியிருக்கிறேன். கை ஈரத்தைத் துடைக்காமல் அப்படியே நின்றேன்.

4

தருமபுரி தனி ஜில்லா ஆன மறு வருஷம். மழை ஏமாற்றியிருந்தது. மாரண்டஹள்ளியைத் தாண்டி மாதப்பன் என்கிற மாதப்பண்ணனுக்கு ரெண்டு ஏக்கர் மிளகாய். கிணற்றில் மோட்டார் போட்டு ஆறு மாசம் ஆகியிருந்தது. ஆனால் அந்தப் பக்கம் வோல்டேஜ் எப்போதும் சோகைதான். வோல்டேஜ் குறைந்தால் மோட்டார் திணறும், திணறினால் கரண்டை அதிகமாக இழுக்கும், பியூஸ் போகும். பியூஸ் போவதுதான் மோட்டாருக்கு நல்லது. காய்கிற செடியைப் பார்த்துக்கொண்டு நிற்கிறவரிடம் இதை எப்படிச் சொல்வது?

அவர் பஸ் பிடித்துக் கடைக்கு வந்த அன்று அத்தா சரக்கெடுக்கச் சேலம் போயிருந்தார். மாதப்பண்ணனோடு நான்தான் கிணற்றுக்குப் போனேன். எனக்கு அப்போது இருபத்தைந்து வயசு, விவரம் தெரியாத வயசு என்று சாக்குச் சொல்ல முடியாது.

"சின்ன பாயி, பூ உட்டிருக்குதுங்க," என்றார் மாதப்பண்ணன். "இன்னிக்கும் தண்ணி போவலன்னா மொத்தமும் கொட்டிடும். பியூஸ் கம்பியக் கொஞ்சம் தடியா போட்டு உடுங்களேன்."

"அத்தாவுக்குத் தெரிஞ்சா தோல உரிச்சிருவாருண்ணே."

"பெரிய பாய்க்கு நான் சொல்லிக்கறேன். செடியப் பாருங்க, எம்மூஞ்சியப் பாக்காட்டிப் போவுது."

செடியைப் பார்த்தேன். மூன்று செம்புக் கம்பியை ஒன்றாக முறுக்கி பியூஸ் கட்டையில் கட்டினேன். மோட்டார் உறுமிக்கொண்டு ஓடியது. வாய்க்காலில் தண்ணீர் ஓடிய வேகத்தைப் பார்த்து அவர் சம்சாரம் பாப்பம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது இப்போதும் கண்ணில் நிற்கிறது. எனக்கு ஒரு சொம்பு மோர் கொடுத்தார்கள்.

"ரெண்டு நாளைக்கு மட்டும்ணே. நானே வந்து மாத்திடறேன்."

நான் போகவில்லை. என் பாஸ்போர்ட் மனு அந்த வாரம்தான் ஓடிக்கொண்டிருந்தது. போட்டோவில் கெஜட்டட் ஆபீசர் கையெழுத்து வேண்டும். அவர் கேம்ப் போயிருந்தார். மறுநாள் வந்தார், ஆனால் முத்திரை குமாஸ்தாவிடம், குமாஸ்தா லீவில். மூன்றாம் நாளும் நாலாம் நாளும் அந்த வராந்தாவில்தான் உட்கார்ந்திருந்தேன். மாதப்பண்ணன் கிணறு ஞாபகத்துக்கு வந்தது, நாளைக்குப் போகலாம் என்று விட்டேன்.

அஞ்சாம் நாள் வோல்டேஜ் படுத்தது. மோட்டார் திணறியது. போக வேண்டிய பியூஸ் போகவில்லை. காயில் புகைந்து, எரிந்து, மோட்டார் கொட்டகைக்கு மேலே வேய்ந்திருந்த கரும்புச் சோகையில் பிடித்துக்கொண்டது. மாதப்பண்ணன் ஸ்விட்சை அணைக்க உள்ளே ஓடியிருக்கிறார். மெயின் போர்டே எரிந்துகொண்டிருந்தது. வலது கையால் பிடித்தார்.

தருமபுரி பெரியாஸ்பத்திரியில் ஹெட் கான்ஸ்டபிளும் மின்சார இலாகா ஆள் ஒருவரும் வந்து விசாரித்தார்கள். அந்த எரிந்த கட்டையில் தடிக்கம்பி உருகாமல் அப்படியே இருந்ததாம். "யாரு போட்டது?"

கட்டிலுக்கு இந்தப் பக்கம் அத்தா, அந்தப் பக்கம் பாப்பம்மா, கால்மாட்டில் கையில் பிளாஸ்க்கோடு நான்.

"நான்தாங்க போட்டேன்," என்றார் அத்தா.

ஹெட் கான்ஸ்டபிள் மாதப்பண்ணனைப் பார்த்தார். மாதப்பண்ணன் தோள் வரைக்கும் துணி சுற்றின கையோடு என்னைப் பார்த்தார். நேராக, ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு, "ஆமாங்க. பெரிய பாய்தான்," என்றார்.

நான் வாயைத் திறக்கவில்லை. பிளாஸ்க்கை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினேன், அதுதான் நான் செய்தது. வெளியே வந்ததும் அத்தா சொன்னார்: "உன் பேப்பர் போயிருக்குது. போலீஸ் விசாரிக்க வூட்டுக்கு வருவான். உம்பேருல எதுவும் இருக்கக் கூடாது. வாய மூடிக்கினு கெளம்பற வழியப் பாரு."

மூடிக்கொண்டேன். அத்தாவின் வயர்மேன் லைசென்ஸ் போனது. தடிக்கம்பி பாய் என்று பேர் வந்தது. மோட்டார் கொண்டுவருகிறவர்கள் கிருஷ்ணகிரிக்குக் கொண்டுபோனார்கள். ஜில்லா பூராவுக்கும் மோட்டார் கட்டின மனுஷன் கடைசி வரைக்கும் மண்ணெண்ணெய் ஸ்டவ்வுக்கு அடைப்பெடுக்கிற பின் குத்திக்கொண்டிருந்தார். மறு வருஷம் கடைசியில் நான் விமானம் ஏறினேன். இங்கே வந்தபின் எத்தனை எத்தனை விண்ணப்பப் பாரம்! உங்கள் பேரில் எப்போதாவது விசாரணை, வழக்கு உண்டா? இல்லை என்ற கட்டத்தில் பேனாவால் ஒரு கோடு. ஒவ்வொரு தடவையும் கோடு சுலபமாகத்தான் விழுந்தது. அத்தா மௌத்து என்று தந்தி வந்தபோது என் பாஸ்போர்ட் அப்படியொரு பாரத்தோடு ஏதோ ஒரு மேஜையில் இருந்தது. போக முடியவில்லை. முடிந்திருந்தால் போயிருப்பேனா என்று கேட்டால், சத்தியமாகத் தெரியாது.

5

கீழறைக்கு ஓடினேன். ஓடி என்றால் படிக்கட்டில் தொங்கின ஈரத்துணியெல்லாம் முகத்தில் அடிக்க ஓடினேன். ப்ளக்கைப் பிடுங்கினேன். பத்து நிமிஷம்கூட ஆகியிருக்காது, தகரக் குழாயில் கை வைக்க முடியவில்லை.

அப்போதுதான் முதலிலேயே கேட்டிருக்க வேண்டியது மண்டையில் உறைத்தது. பியூஸ் ஏன் போனது? சூடு எல்லை மீறினால்தான் போகும். சூடு ஏன் மீறியது? காற்று வெளியே போகவில்லை. ஏன் போகவில்லை?

கோட்டை மாட்டிக்கொண்டு முழங்கால் பனியில் வீட்டைச் சுற்றிப் போனேன். சுவரில் குழாய் முடிகிற வாயில் ஒரு மூடி உண்டு. மூடிக்குக் கீழே நீலக் கட்டம் போட்ட துணி எட்டிப் பார்த்தது. என் லுங்கி. பழசு.

யார் வைத்தது? நான்தான் வைத்தேன். பத்து நாளைக்கு முன்னால் ஊதக்காற்று அடித்தபோது அந்த மூடி படபடவென்று அடித்துக்கொண்டு, குழாய் வழியாகக் கீழறைக்குள் குளிர் கொட்டியது. குளிர் வருகிற ஓட்டை என்றால் அடைக்க வேண்டியதுதானே? கையில் கிடைத்ததை உருட்டித் திணித்தேன், மறந்தும் போனேன். இந்த ஊரில் பிறந்தவன் எவனும் இதைச் செய்ய மாட்டான். வெயிலில் பிறந்து வளர்ந்த புத்தி, குளிரைக் கண்டால் வேறெதையும் பார்ப்பதில்லை.

பிடித்து இழுத்தேன். லுங்கியின் உள்முனை பழுப்பாகத் தீய்ந்திருந்தது. அதோடு சேர்ந்து சாம்பல் நிறப் பஞ்சு கொத்துக் கொத்தாக வந்தது, துணியிலிருந்து உதிர்கிற பஞ்சு, ஒரு பொறி பட்டால் போதும். நேர் மேலே உள்ள அறையில்தான் பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தான். ஒரு வாரமாக அந்த நகத்தளவு பொருள் தாங்கித் தாங்கிப் பார்த்து, கடைசியில் தன்னை முடித்துக்கொண்டு எங்கள் நாலு பேரையும் காப்பாற்றியிருக்கிறது. நான் போய் அதை ஒதுக்கிவிட்டுச் சுற்றிக் கம்பி இழுத்தேன்.

அங்கேயே நின்று அழுதேன். இந்தக் குளிரில் அழுதால் இமை ஒட்டிக்கொள்ளும். ஒட்டிக்கொண்டது.

உள்ளே வந்ததும் ஜமீலா லுங்கியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "நீங்களாங்க வெச்சீங்க?" என்றாள். தலையாட்டினேன். ஈரத்துணியை எல்லாம் அள்ளிக் குளிக்கிற அறைக்குள் போட்டுக் கதவைச் சாத்தினாள். வந்த நாலு பேரும் ஓதினார்கள், சாப்பிட்டார்கள், பனி கூடும் என்று சீக்கிரம் கிளம்பினார்கள்.

ஷாஹிதா படிக்கட்டில் உட்கார்ந்துகொண்டு, உன் அப்பா என்ன வேலை செய்தார் என்று இங்கிலீஷில் கேட்டாள். அவளாக அவரைப் பற்றிக் கேட்டது அதுதான் முதல் தடவை. மோட்டார் ரிப்பேர் என்றேன். நல்ல ரிப்பேர்காரரா என்றாள். ஜில்லாவிலேயே நல்ல ரிப்பேர்காரர் என்றேன். அதற்கு மேல் சொல்லவில்லை. தமிழில் சொன்னால் அவளுக்குப் பாதிதான் புரியும், இங்கிலீஷில் சொன்னால் எனக்கே அது என் கதையாகத் தோன்றாது. பிள்ளைக்குத் தமிழ் போய்விட்டதே என்று வருகிற போகிறவர்களிடம் எல்லாம் புலம்புகிற நான், அன்றைக்கு அதை ஒரு வசதியாக எடுத்துக்கொண்டேன். வெட்கக்கேடு.

6

மறுநாள் மாதப்பண்ணனுக்குக் கடிதம் எழுதினேன். பதிமூன்று வருஷத்தில் முதல் கடிதம். நடந்ததை எல்லாம் எழுதி, மன்னியுங்கள் என்று முடித்தேன். ஏழு வாரம் கழித்துப் பதில் வந்தது. அவரிடமிருந்து இல்லை. அப்படியே தருகிறேன்.

"சின்ன பாய்க்கு பாப்பம்மா சொல்ல மக எழுதறது. அவரு போயி ரெண்டு வருசம் ஆவுது. காச்சல்ல போனாரு, கையினால இல்ல. கம்பி நீங்க போட்டது எனக்கு என்னா தெரியாதா? வாய்க்காலண்ட நானுந்தான நின்னுக்கினு இருந்தேன். அவருதான் கேட்டாரு, நீங்க போட்டீங்க. அதுல எங்களுக்குக் கோவம் கெடையாது. கை எப்படி இருக்குதுன்னு ஒரு கார்டு போடல பாருங்க, அதுக்குத்தான் கோவம். பெரிய பாயி மாசம் ஒருக்கா பஸ்ஸேறி வருவாரு. இவரு கையப் புடிச்சுப் பாப்பாரு, கொஞ்ச நேரம் ஒக்காந்துட்டு கடசி பஸ்ஸுக்குப் போயிடுவாரு. ஊருல பெரிய பாயப் பேசிச் சிரிச்சா எங்க வூட்டுக்காரரு எந்திரிச்சு வந்துடுவாரு. பெரிய பாய்க்கு சத்தியம் பண்ணிக் குடுத்துட்டாராம், நெசத்த சொல்ல முடியல. இப்ப ரெண்டு பேரும் இல்ல. நான் சொன்னா எவன் நம்புவான்? நீங்க வாங்க. வந்து மாரண்டஹள்ளி சந்தையில நின்னு ஒங்க வாயால சொல்லுங்க. கடுதாசி வேணாம்."

மாசம் ஒருக்கா பஸ்ஸேறிப் போனதை அத்தா எனக்கு ஒரு வரிகூட எழுதினதில்லை.

போக வேண்டும். லீவு ஜூலையில்தான் தருவார்கள். பாஸ்போர்ட் இன்னும் கைக்கு வரவில்லை. கைப்பிள்ளையோடு ஜமீலாவைத் தனியாக விட்டுவிட்டு எப்படிப் போவது? எல்லாம் நிஜமான காரணங்கள்தான். அன்றைக்குக் குமாஸ்தா லீவில் இருந்ததும் நிஜம்தான்.

அதனால் இப்போதைக்கு இதை எழுதுகிறேன். மாதப்பண்ணன் கிணற்று மோட்டாருக்குத் தடிக்கம்பி போட்டது நசீராகிய நான். பெரிய பாய் அன்றைக்குச் சேலத்தில் இருந்தார், அவருக்கு ஒன்றும் தெரியாது. படிக்கத் தெரிந்தவர்கள் தெரியாதவர்களுக்குப் படித்துச் சொல்லுங்கள்.

பாப்பம்மா கேட்டது இதை இல்லை, தெரியும். கடுதாசி வேணாம் என்றுதான் சொல்லியிருக்கிறார். இதுவும் நேரில் போகாமல் நான் சுற்றி இழுத்த கம்பிதான். ரெண்டு நாளைக்கு மட்டும்.